தடை ஆணை மேல்முறையீட்டில் நிலைக்க வேண்டுமானால்

பணியிட மாறுதலை எதிர்த்துத் தொடுக்கும் வழக்கில் இடைக்கால உத்தரவுதான் பெரும்பாலும் முழு வழக்கு. தடை கிடைத்தால் ஊழியர் அதே இடத்தில் தொடர்கிறார். முதன்மை மனு விசாரணைப் பட்டியலுக்கு வருவதற்குள் அடுத்த பொது மாறுதல் காலமே வந்துவிடும். தடை மறுக்கப்பட்டால் அந்த இடத்தில் வேறொருவர் பொறுப்பேற்கிறார், ஊழியரின் குடும்பம் வெளியூரில் வாடகைக்கு வீடு பிடிக்கிறது, பிள்ளைகளின் மாற்றுச் சான்றிதழ் வாங்கியாகிறது. அதன்பின் அந்த வழக்கில் கேட்பதற்கு ஒன்றும் மிஞ்சுவதில்லை. இரு தரப்புக்கும் இது தெரியும். அதனால் தோற்றவர் இறுதித் தீர்ப்புக்குக் காத்திருப்பதில்லை. இடைக்கால உத்தரவையே மேல் அமர்வுக்குக் கொண்டுபோகிறார்.

அந்த மேல்கட்டத்தில் என்ன நடக்கிறது, அங்கே எந்தத் தடை நிலைக்கிறது, எது விழுகிறது என்பதுதான் இந்த அத்தியாயம். அரசு ஊழியர்கள், ஆசிரியர்கள், பொதுத்துறை வங்கிப் பணியாளர்கள் ஆகியோரை மனத்தில் வைத்து எழுதியிருக்கிறேன். ஒன்றை முதலிலேயே சொல்லிவிட வேண்டும். மேல் அமர்வு ‘இந்த மாறுதல் நியாயமா?’ என்று கேட்பதில்லை. ‘தனி நீதிபதி தம் விருப்புரிமையைச் சட்டம் காட்டிய வழியில் பயன்படுத்தினாரா?’ என்றுதான் கேட்கிறது. இந்த வேறுபாட்டைப் புரிந்துகொள்ளாமல், பட்ட அநீதியை மட்டும் உருக்கமாகச் சொல்லிப் பெற்ற தடைகள் மேலே போய் ஒரே அமர்வில் கலைந்துவிடுகின்றன. தடை நிலைக்குமா என்பதை முடிவு செய்வது மேல்முறையீட்டு வாதத்தைவிட, முதல் நாள் நீங்கள் கையெழுத்திட்ட பிரமாணப் பத்திரம்தான்.

எங்கே போவது

தமிழ்நாடு அரசு ஊழியர்களுக்கென இருந்த மாநில நிர்வாகத் தீர்ப்பாயம் 2006இல் கலைக்கப்பட்டது. ஆகவே மாநில அரசு ஊழியரும் அரசுப் பள்ளி ஆசிரியரும் அரசமைப்புச் சட்டத்தின் 226ஆம் உறுப்பின்படி நேரே உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு போடுகிறார்கள். தென் மாவட்டத்தவருக்கும் திருச்சி, தஞ்சாவூர், புதுக்கோட்டை, கரூர் பகுதியினருக்கும் மதுரைக் கிளை, மற்றவர்களுக்குச் சென்னை. தனி நீதிபதி தரும் உத்தரவை எதிர்த்து, அதே நீதிமன்றத்தின் இரு நீதிபதிகள் அமர்வில் ரிட் மேல்முறையீடு செய்யலாம். அதற்கு அடிப்படை, உயர் நீதிமன்றத்தை நிறுவிய சாசனமான லெட்டர்ஸ் பேட்டன்டின் 15ஆம் பிரிவு. கெடு 30 நாள். கெடு தாண்டினால் தாமதத்தை மன்னிக்கக் கோரும் மனுவும் சேர வேண்டும். அரசுக்கு இதில் தனிச் சலுகை கிடையாது என்பதைத் தலைமை அஞ்சல்துறை அதிகாரிக்கும் லிவிங் மீடியா நிறுவனத்துக்கும் இடையிலான 2012 வழக்கில் உச்ச நீதிமன்றம் அழுத்தமாகச் சொல்லியிருக்கிறது. துறை தாமதமாக மேல்முறையீடு செய்யும்போது இந்தத் தீர்ப்பை எடுத்துக் காட்டத் தயங்க வேண்டாம்.

மத்திய அரசு ஊழியர் முதலில் போக வேண்டிய இடம் மத்திய நிர்வாகத் தீர்ப்பாயம். அதன் உத்தரவை, இடைக்கால உத்தரவு உட்பட, உயர் நீதிமன்றத்தின் இரு நீதிபதிகள் அமர்வு பரிசீலிக்கலாம் என்பது 1997இல் எல். சந்திரகுமார் வழக்கில் உறுதியானது. பொதுத்துறை வங்கி ஊழியர்கள் தீர்ப்பாயத்துக்குப் போவதில்லை, ரிட் மனுதான்.

இடைக்கால உத்தரவு எல்லாமே மேல்முறையீட்டுக்கு உரியவையா? இல்லை. 1981இல் ஷா பாபுலால் கீம்ஜி வழக்கில் உச்ச நீதிமன்றம் ஓர் அளவுகோல் வகுத்தது: ஒரு தரப்பின் முக்கியமான உரிமையைத் தொட்டு, பெருந்தீங்கு விளைவிக்கும் தன்மையும் ஒருவித இறுதித்தன்மையும் கொண்ட இடைக்கால உத்தரவு ‘தீர்ப்பு’ எனக் கொள்ளப்படும், மேல்முறையீடு அதன்மேல்தான் செல்லும். 2006இல் மிட்னாப்பூர் மக்கள் கூட்டுறவு வங்கி வழக்கில் இதே அளவுகோலை வகைபிரித்துச் சொன்னார்கள். வாய்தா தந்தது, பதில் மனுவுக்குக் காலம் கொடுத்தது போன்ற நடைமுறை உத்தரவுகளை எதிர்த்து மேலே போனால், மனு எண்ணிடும் கட்டத்திலேயே கேள்வி வரும். மாறுதலுக்குத் தடை கொடுத்ததோ மறுத்ததோ அப்படியல்ல. மேலே நான் சொன்னபடி, அது பல வழக்குகளில் முழு வழக்கையே முடித்துவிடுகிறது. மேல்முறையீட்டு மனுவின் முதல் பத்தியிலேயே இதைச் சொல்லிவிட வேண்டும்.

மேல் அமர்வு பார்ப்பது எதை

வாண்டர் நிறுவனத்துக்கும் ஆன்டாக்ஸ் நிறுவனத்துக்கும் இடையே நடந்தது வணிகச்சின்ன வழக்கு. ஆனாலும் அதில் 1990இல் உச்ச நீதிமன்றம் சொன்ன விதி இடைக்கால உத்தரவு மேல்முறையீடுகள் அனைத்துக்கும் இன்று வழிகாட்டி. கீழ் நீதிபதி எடுத்த முடிவைவிட வேறொரு முடிவும் சாத்தியம் என்பதற்காக மட்டும் மேல் அமர்வு தலையிடாது. அவர் தன்னிச்சையாகவோ, ஆவணத்துக்கு முரணாகவோ, நிலைபெற்ற சட்டக் கோட்பாட்டைப் பாராமலோ முடிவெடுத்திருந்தால்தான் தலையிடும்.

இது தடை பெற்றவருக்குக் கவசம் போலத் தோன்றும். மாறுதல் வழக்கில் அந்தக் கவசத்துக்கு ஒரு பெரிய ஓட்டை உண்டு. மாறுதல் பற்றிய நிலைபெற்ற கோட்பாடே நிர்வாகத்துக்குச் சாதகமானது. 1990இல் ஷில்பி போஸ் வழக்கு, 1993இல் எஸ்.எல். அப்பாஸ் வழக்கு, 2004இல் கோவர்தன் லால் வழக்கு என்று வரிசையாக உச்ச நீதிமன்றம் ஒன்றையே சொல்லி வந்திருக்கிறது: மாறுதல் என்பது பணியின் இயல்பான கூறு; யாரை எங்கே அமர்த்துவது என்பது நிர்வாகத்தின் வேலை; சட்ட விதி மீறப்பட்டாலோ கெட்ட நோக்கம் தெரிந்தாலோ அன்றி நீதிமன்றம் நுழையக் கூடாது. அப்பாஸ் வழக்கில், ஷில்லாங்கிலிருந்து அன்றைய உத்தரப் பிரதேசத்தின் பௌரிக்கு மாற்றப்பட்டவருக்குத் தீர்ப்பாயம் நிவாரணம் கொடுத்திருந்தது. மாறுதல் வழிகாட்டுதல்களுக்குச் சட்டத்தின் வலு இல்லை, தீர்ப்பாயம் மாறுதல் ஆணைமேல் அமரும் மேல்முறையீட்டு அதிகாரியும் அல்ல என்று உச்ச நீதிமன்றம் அதை ரத்து செய்தது.

ஆகவே ‘இடைக்காலத் தடை வழங்கப்படுகிறது’ என்ற ஒற்றை வரி உத்தரவு மேலே போனால் அரசு வழக்கறிஞருக்கு அதிக வேலை இருக்காது. கோட்பாட்டைத் தனி நீதிபதி கருதியதாகவே உத்தரவில் தெரியவில்லை என்று சொன்னால் போதும். முகாந்திரம் இருக்கிறது என்பது மட்டும் தடைக்குப் போதாது, வசதிச் சமநிலையும் (யாருக்குக் கூடுதல் பாதிப்பு என்பதும்) பொதுநலனும் பார்க்கப்பட வேண்டும் என்று டன்லப் வழக்கில் 1984லேயே சொல்லப்பட்டதையும் அவர் சேர்த்துக்கொள்வார். தடை பெறும் நாளில் உங்கள் வழக்கறிஞர் செய்ய வேண்டிய முக்கியமான காரியம், நீதிபதி எந்தக் காரணத்தை ஏற்றாரோ அது இரண்டு வரியிலாவது உத்தரவில் பதிவாகும்படி பணிவாகக் கேட்பது. கூட்டம் நிறைந்த நீதிமன்றத்தில் இது சங்கடமாக இருக்கலாம். ஆனால் அந்த இரண்டு வரிதான் மேல் அமர்வில் உங்களுக்காகப் பேசும்.

நிலைக்கும் காரணங்கள், நிலைக்காத காரணங்கள்

மூன்று காரணங்கள் வலுவானவை. ஆணை பிறப்பித்தவருக்கு அந்த அதிகாரமே இல்லை என்பது முதலாவது. ஆவணத்திலிருந்தே காட்டிவிடலாம் என்பதால் எதிர்த்தரப்பு பதில் சொல்லத் திணறும் காரணம் இதுதான். சட்டபூர்வ விதி ஒன்று மீறப்பட்டது என்பது இரண்டாவது. இங்கே விதி வேறு, அரசாணை வழியாக வந்த வழிகாட்டுதல் வேறு. மூன்றாண்டு நிறைவதற்குள் மாற்றினார்கள் என்பது பெரும்பாலும் வழிகாட்டுதல் மீறல்தான். அதை மட்டும் நம்பித் தடை வாங்கினால் அப்பாஸ் தீர்ப்பு எதிரே வந்து நிற்கும்.

மூன்றாவது கெட்ட நோக்கம். இதை எழுதுவது எளிது, நிரூபிப்பது கடினம். தமிழ்நாட்டின் தலைமைச் செயலாளர் பொறுப்பிலிருந்து மாற்றப்பட்ட ஈ.பி. ராயப்பா தொடுத்த வழக்கில், தன்னிச்சையான செயல் சமத்துவத்துக்கே எதிரானது என்ற பெரிய கோட்பாடு பிறந்தது. ஆனால் அந்த வழக்கில் அவர் தோற்றார். கெட்ட நோக்கத்தை நிரூபிக்கும் சுமை மிகக் கனமானது, சந்தேகம் மட்டும் போதாது என்றது அரசியல் சாசன அமர்வு. எனவே யார், எப்போது, எந்தக் காரணத்தால் உங்கள்மேல் பகை கொண்டார் என்பதைத் தேதிவாரியாக எழுதுங்கள். குற்றம்சாட்டப்படும் அதிகாரியைப் பதவியால் மட்டுமின்றிப் பெயரிட்டும் எதிர்மனுதாரராகச் சேர்க்க வேண்டும். பெயரிட்டுச் சேர்க்காமல் விட்டால் மேல் அமர்வு அந்தக் குற்றச்சாட்டைக் கேட்கவே மறுக்கலாம். சட்டமன்ற உறுப்பினர் பரிந்துரைத்தார் என்பது மட்டும் போதாது. மக்கள் பிரதிநிதி குறை சொல்வதும் அதன்மேல் நிர்வாகம் ஆராய்ந்து முடிவெடுப்பதும் தவறல்ல என்று 2007இல் முகமது மசூத் அகமது வழக்கில் சொல்லப்பட்டது.

தண்டனைக்குப் பதிலாக மாறுதல் செய்வதும் இந்த மூன்றாவது வகையில் அடங்கும். பெயரில்லாப் புகாரின்பேரில், விசாரணையில் குற்றம் ஒன்றும் தெரியாத நிலையிலும் ஒருவரை மாற்றியது 2008இல் சோமேஷ் திவாரி வழக்கில் ரத்தானது. 2020இல் பஞ்சாப் அண்ட் சிந்து வங்கி தொடர்பான வழக்கில், கிளையில் நடந்த முறைகேடுகளைப் பற்றி எழுதியவரும் மேலதிகாரிமேல் பாலியல் தொல்லைப் புகார் கொடுத்தவருமான பெண் அதிகாரியை இந்தூரிலிருந்து ஜபல்பூர் மாவட்டத்துக்கு மாற்றியது பழிவாங்கல் என்று உச்ச நீதிமன்றம் கண்டது. புகார் கொடுத்த தேதியும் மாறுதல் தேதியும் எவ்வளவு நெருக்கம் என்பதை ஒரு தனிப் பட்டியலாக இணைத்தால், முகாந்திரம் ஒரே பார்வையில் தெரியும். புகார் கொடுத்ததற்காக மாற்றப்பட்ட பெண் ஊழியர்கள் ‘இதெல்லாம் எழுத வேண்டுமா’ என்று தயங்குவதைப் பார்த்திருக்கிறேன். எழுதத்தான் வேண்டும். முதல் பிரமாணப் பத்திரத்தில் இல்லாததை மேல் அமர்வில் புதிதாகச் சொல்ல முடியாது.

கணவன் மனைவி ஓரிடத்தில் பணி, பெற்றோரின் நோய், பிள்ளைகளின் படிப்பு ஆகியவை உண்மையான துன்பங்கள். ஆனாலும் தனியே தடைக்குப் போதிய காரணங்கள் அல்ல. இவற்றைத் துறைத்தலைவருக்குக் கொடுக்கும் கோரிக்கை மனுவில் முழுமையாக எழுதி, அந்த மனுவின் நகலை ரிட் மனுவோடு இணைப்பதே முறை. மாற்றுத்திறனாளி ஊழியரின் நிலை சற்று வலுவானது. அவர்களின் பணியிடம், மாறுதல் பற்றி அரசு கொள்கை வகுக்கலாம் என்று 2016ஆம் ஆண்டுச் சட்டத்தின் 20ஆம் பிரிவே பேசுகிறது. குடும்ப வாழ்வையும் மாற்றுத்திறனையும் மாறுதல் கொள்கை கணக்கில் எடுக்க வேண்டும் என்று 2022இல் நௌசாத் ரஹமான் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னதும் துணை நிற்கும்.

பிள்ளைகளின் படிப்பு விஷயத்தில் நம் மாநிலத்தின் வழக்கு ஒன்று எல்லோருக்கும் தெரிந்திருக்க வேண்டும். பள்ளிக் கல்வி இயக்குநருக்கும் கருப்பத் தேவனுக்கும் இடையிலான 1994 வழக்கு அது. மாற்றும் முன் விளக்கம் கேட்கவில்லை என்று தீர்ப்பாயம் மாறுதலை ரத்து செய்திருந்தது. மாறுதலுக்கு முன் ஊழியரைக் கேட்க வேண்டிய சட்டத் தேவை இல்லை என்று உச்ச நீதிமன்றம் அதை ஏற்கவில்லை. ஆனால் அத்தோடு விடவுமில்லை. பிள்ளைகள் படித்துக்கொண்டிருக்கும்போது கல்வியாண்டின் நடுவில் மாற்றுவதற்கு அவசரத் தேவை எதுவும் இல்லாததால், அந்தக் கல்வியாண்டு முடியும்வரை மாறுதலைச் செயல்படுத்தக் கூடாது என்று உத்தரவிட்டது.

இந்தத் தீர்ப்பின் நடைமுறைப் பாடம் பெரியது. சட்டத்தில் தோற்ற ஊழியருக்கும், முடிவுத்தேதி உள்ள சிறிய நிவாரணம் கிடைத்தது. நவம்பரில் மாற்றப்பட்டவர் ‘வழக்கு முடியும்வரை தடை’ என்று கேட்பதைவிட, ‘நடப்புக் கல்வியாண்டு முடியும்வரை அல்லது இம்மனு முடிவாகும்வரை, இவற்றில் எது முந்தியதோ அதுவரை’ என்று கேட்டால் தனி நீதிபதிக்கும் கொடுப்பது எளிது, மேல் அமர்வுக்கும் அதைக் கலைக்க மனம் வராது. வழக்குரைஞர்கள் பலர் மாற்றுக் கோரிக்கையாகக்கூட இதை எழுதுவதில்லை. நீங்களே கேட்டு எழுதச் சொல்லுங்கள்.

முற்பகலா, பிற்பகலா

தடைகள் மேல் அமர்வில் விழுவதற்கு மிகச் சாதாரணமான காரணம் பணிவிடுவிப்பு. ஒரு கற்பனை நிகழ்வை எடுத்துக்கொள்வோம். கரூர் மாவட்டத்தில் ஓர் அரசு உயர்நிலைப் பள்ளிப் பட்டதாரி ஆசிரியையை, நிர்வாகக் காரணம் என்ற ஒற்றை வரியோடு ராமநாதபுரம் மாவட்டத்துக்கு மாற்றுகிறார்கள். வெள்ளிக்கிழமை மாலை ஆணை கையில் தரப்படுகிறது. அன்று பிற்பகலே விடுவிக்கப்பட்டார் என்று தலைமையாசிரியரின் செயல்முறை ஆணை சொல்கிறது. திங்கள் முற்பகல் அந்த இடத்தில் வேறொருவர் சேர்ந்துவிடுகிறார். செவ்வாய்க்கிழமை ரிட் மனுவில் மாறுதல் ஆணைக்குத் தடை கிடைக்கிறது. புதன்கிழமை ஆசிரியை பள்ளிக்குப் போகிறார். வருகைப் பதிவேட்டில் கையெழுத்திட விடவில்லை.

இங்கே தவறு யார் பக்கம்? தடை ஒரு ஆணையை இல்லாமல் ஆக்குவதில்லை, தடை வந்த நேரத்திலிருந்து அது செயல்படாமல் நிறுத்துகிறது, அவ்வளவே. ஸ்ரீ சாமுண்டி மொபெட்ஸ் வழக்கில் 1992இல் உச்ச நீதிமன்றம் இதைத் தெளிவுபடுத்தியது. வெள்ளிக்கிழமையே நடந்து முடிந்த விடுவிப்பை, செவ்வாய்க்கிழமை வந்த தடை தானாகவே திருப்பிவிடாது. துறை மேல்முறையீடு செய்யும்போது முதல் வாதமே இதுவாக இருக்கும்: அவர் ஏற்கெனவே விடுவிக்கப்பட்டதை நீதிபதியிடம் சொல்லவில்லை. உண்மையை மறைத்துப் பெற்ற உத்தரவு என்ற சொல் ஒருமுறை அமர்வின் காதில் விழுந்துவிட்டால், வழக்கின் தகுதியைப் பற்றி அப்புறம் யாரும் கேட்க மாட்டார்கள்.

ஆகவே இதைப் பிரமாணப் பத்திரத்தில் மறைக்காமல், நேரம் குறித்து எழுதுங்கள். இப்படி இருக்கலாம்: ‘மாறுதல் ஆணை 14ஆம் தேதி மாலை 4.30 மணிக்கு என்னிடம் தரப்பட்டது. அன்று பிற்பகல் என்னை விடுவித்ததாக அதே நாளிட்ட செயல்முறை ஆணை கூறுகிறது. எனது பொறுப்பிலுள்ள பதிவேடுகளை நான் இதுவரை யாரிடமும் ஒப்படைக்கவில்லை. என் இடத்தில் 17ஆம் தேதி முற்பகல் ஒருவர் பணியேற்றதாக அறிகிறேன். அவரை ஐந்தாம் எதிர்மனுதாரராகச் சேர்த்துள்ளேன்.’

அந்தக் கடைசி வாக்கியம் முக்கியம். உங்கள் இடத்துக்கு வந்தவரும் ஒரு ஊழியர். அவருக்கும் ஒரு ஆணை இருக்கிறது, ஒரு குடும்பம் இருக்கிறது. அவரைச் சேர்க்காமல் பெற்ற தடையை, தன்னைக் கேட்காமல் தன் பணியிடம் பறிக்கப்பட்டது என்று அவரே மேல்முறையீட்டில் எதிர்க்கலாம். கோரிக்கையிலும் மாறுதல் ஆணையோடு விடுவிப்பு ஆணையையும் குறிப்பிட்டு, இரண்டுக்கும் தடையும், பழைய இடத்தில் பணிபுரிய அனுமதிக்கும் தொடர் உத்தரவும் கேட்க வேண்டும்.

‘இப்போதுள்ள நிலை தொடர வேண்டும்’ என்ற உத்தரவு இன்னும் ஆபத்தானது. எந்த நிலை? ஊழியர் சொல்வது ஒன்று, துறை சொல்வது வேறு. எந்த நிலை என்று சுட்டாமல் அப்படி உத்தரவிடுவது சரியல்ல என்று 2006இல் கிஷோர் குமார் கைத்தான் வழக்கில் உச்ச நீதிமன்றம் கண்டித்தது. அத்தகைய உத்தரவு கிடைத்த அன்றே, மனுதாரர் எந்தப் பள்ளியில், எந்தப் பதவியில் இருக்கிறார் என்பதையும் சேர்க்கக் கேளுங்கள்.

ஒருதரப்புத் தடையின் ஆயுள்

எதிர்த்தரப்பைக் கேட்காமல் தந்த தடை நீண்ட நாள் வாழ்வதற்கு உரியதல்ல. 226ஆம் உறுப்பின் மூன்றாம் உட்பிரிவின்படி, தடையை நீக்கக் கோரி எதிர்த்தரப்பு மனு போட்டு அதன் நகலைத் தந்தால், உயர் நீதிமன்றம் இரண்டு வாரத்துக்குள் அதை முடிவு செய்ய வேண்டும். இல்லையெனில் தடை நீங்கிவிடும் என்று உட்பிரிவு சொல்கிறது. அது தானாகவே நீங்குமா என்பதில் உயர் நீதிமன்றங்கள் ஒரே மாதிரி தீர்ப்பளிக்கவில்லை. எனவே அந்தச் சர்ச்சையை நம்பி இராமல், தடைநீக்க மனுவுக்குப் பதிலை ஒரு வாரத்துக்குள் தாக்கல் செய்யுங்கள். வாய்தா கேட்பது ஊழியராக இருக்கக் கூடாது. தீர்ப்பாயத்தில் விதி இன்னும் கறார்: 1985ஆம் ஆண்டு நிர்வாகத் தீர்ப்பாயங்கள் சட்டத்தின் 24ஆம் பிரிவுப்படி, ஒருதரப்பு இடைக்கால உத்தரவு, எதிர்த்தரப்பைக் கேட்டு நீட்டிக்கப்படாவிட்டால் 14 நாளில் காலாவதியாகும். அந்தப் பதினான்காம் நாளை நாட்காட்டியில் குறித்துவையுங்கள்.

தடைநீக்க மனு போடாமல் துறை நேரே மேல்முறையீட்டுக்கு வந்தால், தனி நீதிபதியிடமே போய்க் கேட்கலாமே என்ற உங்கள் ஆட்சேபம் வலுவானது. பல அமர்வுகள் அதை ஏற்றுத் திருப்பி அனுப்புகின்றன. சில வேளைகளில் அமர்வு, இரு தரப்பும் சம்மதித்தால் முதன்மை மனுவையே எடுத்து முடித்துவிடலாமா என்று கேட்கும். உங்கள் ஆவணங்கள் முழுமையாக இருந்தால் சம்மதிக்கலாம். கெட்ட நோக்கத்தைக் காட்ட வேண்டிய கோப்பு இன்னும் துறையிடமே இருந்தால், கோப்பை வரவழைத்த பிறகு என்று சொல்லுங்கள்.

தடை மறுக்கப்பட்டால்

இங்கே ஊழியர்கள் செய்யும் ஒரு காரியம் அவர்கள் வேலையையே பறிக்கக்கூடியது. மேல்முறையீடு போட்டாகிவிட்டது, கோரிக்கை மனுவும் நிலுவையில் இருக்கிறது என்று புதிய இடத்தில் சேராமல் வீட்டில் இருப்பதுதான் அது. சூரத்திலிருந்து உகாய்க்கு மாற்றப்பட்ட குஜராத் மின்வாரியப் பொறியாளர் ஒருவர் அப்படித்தான் இருந்தார். கோரிக்கை மனு கொடுத்தது பணியேற்காமல் இருப்பதற்குக் காரணமாகாது, மாறுதல் நிறுத்திவைக்கப்படாவிட்டால் சேர்ந்தே ஆக வேண்டும் என்று 1989இல் உச்ச நீதிமன்றம் சொன்னது. அவருடைய பணிநீக்கம் உறுதியானது. மேல்முறையீடு தாக்கலானதால் மட்டும் எந்த ஆணையும் நின்றுவிடாது.

ஆகவே பணியேற்பு இடைக்காலம் முடிவதற்குள் மேல் அமர்வில் அவசர முறையீடு செய்யுங்கள். அதற்குள் உத்தரவு வராவிட்டால், ‘நிலுவையிலுள்ள ரிட் மேல்முறையீட்டின் முடிவுக்கு உட்பட்டுப் பணியேற்கிறேன்’ என்று பணியேற்பு அறிக்கையிலேயே எழுதிச் சேர்ந்துவிடுங்கள். சேர்ந்ததால் உரிமையை விட்டுக்கொடுத்தார் என்ற வாதத்துக்கு அந்த வரி பதில். மருத்துவ விடுப்பு உண்மையிலேயே தேவையானால் எடுக்கலாம். தடை வரும்வரை காலம் கடத்த எடுத்த விடுப்பு என்று மருத்துவக் குழு முன் தெரிந்தால், மாறுதல் வழக்கு ஒழுங்கு நடவடிக்கை வழக்காக மாறும்.

மேல்முறையீட்டில் நீங்கள் வைக்க வேண்டிய வாதம், தடையை மறுப்பது முதன்மை மனுவையே தள்ளுபடி செய்வதற்குச் சமம் என்பது. வலுவான முகாந்திரமும், மறுத்தால் மனசாட்சியை உறுத்தும் அநீதியும் சேர்ந்து நிற்கும் அரிதான நிலையில், இறுதி நிவாரணத்தை ஒத்த இடைக்கால உத்தரவையும் தரலாம் என்று 2004இல் தேவராஜ் வழக்கில் சொல்லப்பட்டிருக்கிறது. அரிதான என்ற சொல்லை மறக்க வேண்டாம். மேலே சொன்ன மூன்று வலுவான காரணங்களில் ஒன்றாவது கையில் இல்லாமல் இந்த வாதத்தை எடுப்பதால் பயனில்லை.

இதற்கும் மேலே உச்ச நீதிமன்றம். 136ஆம் உறுப்பின்படி சிறப்பு அனுமதி மனு. மாறுதல் தொடர்பான இடைக்கால உத்தரவுக்காக டெல்லி வரை போவது பெரும்பாலும் வீண் செலவு. உச்ச நீதிமன்றம் இடைக்கால உத்தரவுகளில் தலையிடத் தயங்கும். முதன்மை மனுவை விரைந்து முடிக்கும்படி உயர் நீதிமன்றத்தைக் கேட்டுக்கொள்வதோடு நிறுத்திக்கொள்வதே வழக்கம். அந்த விரைவைச் சென்னையிலோ மதுரையிலோ முறையிட்டே கேட்டுப் பெறலாம்.

தடையை மதிக்காவிட்டால்

தடை நகலைப் பதிவு அஞ்சலிலும் நேரிலும் கொடுத்து ஒப்புதல் பெற்ற பிறகும் பணியில் சேர்க்கவில்லையெனில் நீதிமன்ற அவமதிப்பு மனு போடலாம். கெடு ஓராண்டு. உடனே துறை மேல்முறையீடும், அதில் தடை கோரும் மனுவும் போடும். அப்படிப் போட்டிருந்தால், அவமதிப்பு நடவடிக்கைக்கு முன் அந்தத் தடை மனுவைக் கேட்பதே முறை என்று 1995இல் மாடர்ன் ஃபுட் நிறுவன வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. ஆகவே அவமதிப்பு மனுவை அதிகாரியை மிரட்டும் கருவியாக நினைக்காமல், மேல்முறையீட்டை விரைவாகப் பட்டியலுக்குக் கொண்டுவரும் வழியாகப் பயன்படுத்துங்கள். அமர்வில் நடப்பது தெரிய, தடை கிடைத்த மறுநாளே ரிட் மேல்முறையீட்டுக்கான கேவியட் மனுவையும் போட்டுவிட வேண்டும். சிறு செலவுதான், உங்களைக் கேட்காமல் தடை நீங்கும் ஆபத்தை அது பெருமளவு குறைக்கும்.

தனியார் நிறுவன ஊழியர்களுக்கு ஒரு சொல். ரிட் மனு உங்களுக்குப் பொருந்தாது. உரிமையியல் நீதிமன்றத்தில் தடை கேட்டுப் போகலாம் என்று சிலர் ஆலோசனை சொல்வார்கள். தனிப்பட்ட பணி ஒப்பந்தத்தை நீதிமன்றம் வலிந்து நிறைவேற்றாது என்று பேர்லைட் லைனர்ஸ் வழக்கில் 2004இல் மாறுதலுக்கு எதிரான அப்படியொரு வழக்கே தொடக்கத்தில் நிராகரிக்கப்பட்டது. தொழிலாளர் என்ற வரையறைக்குள் வருபவர்கள் தொழிற்தகராறாக எழுப்புவதே சரியான வழி. அதைத் தனி அத்தியாயத்தில் பார்க்கலாம்.

இறுதியில் கேட்க வேண்டியது

இடைக்கால உத்தரவு இறுதித் தீர்ப்போடு கரைந்துவிடும். வழக்கு தள்ளுபடியானால் தடையால் பெற்ற பயன் எதுவும் உரிமையாக நிற்காது என்று 2010இல் கலாபாரதி விளம்பர நிறுவன வழக்கு சொல்கிறது. தடையில் ஓராண்டு பணிபுரிந்தவர் தோற்றால் அந்த ஓராண்டுச் சம்பளம் வேலை செய்ததற்கானது. அதில் சிக்கல் வராது. சிக்கல் வருவது, விடுவித்த நாளுக்கும் தடை வந்த நாளுக்கும் இடையிலும், தடை நீங்கிய நாளுக்கும் புதிய இடத்தில் சேர்ந்த நாளுக்கும் இடையிலும் உள்ள நாட்களில்தான். அவை அனுமதியின்றிப் பணிக்கு வராத காலமாகப் பணிப்பதிவேட்டில் ஏறினால், பதவி உயர்விலும் ஓய்வூதியக் கணக்கிலும் பல ஆண்டுகள் கழித்துத் தலைகாட்டும். ஆகவே வழக்கில் வென்றாலும் தோற்றாலும், அமர்வு உத்தரவைச் சொல்லி முடிக்கும் முன் வழக்கறிஞர் எழுந்து கேட்க வேண்டும்: அந்த இடைப்பட்ட நாட்களைத் தகுதியுள்ள விடுப்பாகவோ கட்டாயக் காத்திருப்புக் காலமாகவோ வரைமுறைப்படுத்தத் துறைக்கு உத்தரவிட வேண்டும் என்று. துறையின் ஆட்சேபம் அங்கே அதிகம் இருப்பதில்லை. உத்தரவின் சான்றிட்ட நகல் கிடைத்ததும், அந்த வரியைக் கோடிட்டு அலுவலகத்தில் கொடுத்து, பணிப்பதிவேட்டில் பதிவானதை நேரில் பார்த்துவிட்டு வாருங்கள்.